கௌபாய்ப் படங்கள் வாழ்வது எதனால்?

வெயில் காயும் வெட்டவெளி. அதன் கோடியிலே ஒரு புள்ளி அசைகின்றது. புள்ளி வளர்ந்து குதிரையாகின்றது. குதிரையின்மேல் ஒரு மனிதன். அவன் எவ்வூரான் என்பது தெரியாது. வீடு இல்லை, உறவு இல்லை. சில படங்களில் பெயர்கூட இல்லை. இடுப்பிலே துப்பாக்கி தொங்குகின்றது. அவன் வந்து சேரும் சிற்றூரிலோ வலியவன் சொன்னதே சட்டமாக இருக்கின்றது. படம் முடிவதற்குள் அந்நிலை மாறிவிடும். மாறிய பின், வந்தவன் வந்த வழியே போய்விடுவான்.

இந்தக் கதையை ஒரு முறையேனும் திரையில் காணாதவர் நம்முள் அரியர். கௌபாய்ப் படம் என்று நாம் சொல்வதை ஆங்கிலத்தில் ‘வெஸ்டர்ன்’ என்பர். மேற்றிசைப் படம் என்பது அதன் பொருள். ஈண்டு மேற்கு என்பது ஐரோப்பாவையும் அமெரிக்காவையும் சேர்த்துக் குறிக்கும் மேனாடு அன்று. அமெரிக்க ஐக்கிய நாட்டிலே, மிசிசிப்பி ஆற்றுக்கு அப்பால் பசிபிக் கடல் வரையில் பரந்து கிடக்கும் புல்வெளியும் பாலையும் மலையுமே அது.

குதிரைக் குளம்பொலியும் வெடியோசையும் தவிர இப்படங்களில் வேறு யாது உண்டு என்று கேட்டு ஒதுக்குவோர் பலர். சிறுவர்க்குரிய பொழுதுபோக்கு என்று சிரிப்போரும் உளர். அவர்கள் சொல்வதில் உண்மை இல்லாமல் இல்லை. நூற்றுக்கணக்கான படங்கள் அவ்வளவிலே நின்றவைதாம். ஆயினும் 1903ஆம் ஆண்டில் பெயர் பெறத் தொடங்கிய ஒரு கதைவகை, நூற்றிருபது ஆண்டு கடந்தும், மொழியும் நாடும் கடந்தும் வாழ்கின்றதே, அஃது எதனால்? குதிரை ஓட்டத்தை மட்டும் நம்பி ஒரு கலை இத்தனை காலம் நிலைக்குமா? நிலைக்காது. அப்படங்களின் நடுவிலே ஒரு பெரிய கேள்வி இருக்கின்றது. சட்டம் இன்னும் வந்து சேராத இடத்தில் வலிமை உடையவன் எவ்வாறு நடந்துகொள்ள வேண்டும்? சட்டம் வந்து சேர்ந்த பின் அவனுக்கு அங்கே இடம் உண்டா? இக்கேள்வியே கௌபாய்ப் படத்தின் உயிர். அதனை விளங்கிக்கொள்ள முதலில் வரலாற்றைக் காண வேண்டும்.

இருபது ஆண்டு வாழ்வு

அமெரிக்க உள்நாட்டுப் போர் 1865ஆம் ஆண்டில் முடிந்தது. போருக்குச் சென்றிருந்த டெக்சாஸ் மாநிலத்தார் வீடு திரும்பியபோது, நீண்ட கொம்புடைய மாடுகள் காவலின்றிப் பெருகி எங்கும் திரிந்தன. அவை ஐம்பது இலட்சம் இருக்கும் என மதிப்பிடுவர். டெக்சாஸில் ஒரு மாட்டின் விலை மூன்று நான்கு டாலர். வடக்கே நகரச் சந்தையிலோ அதுவே நாற்பது டாலர் வரை போயிற்று. இடையிலே இரயில் பாதை இல்லை. ஆகவே மாடுகளை நடத்தியே கொண்டு செல்ல வேண்டியதாயிற்று. ஜோசப் மெக்காய் என்னும் வணிகர் 1867ஆம் ஆண்டில் கான்சாஸ் மாநிலத்து அபிலீன் என்னும் ஊரில், இரயில் பாதையை ஒட்டி மாட்டுப் பட்டிகளை அமைத்தார். சிசம் தடம் எனப்படும் நெடுவழியே மந்தைகள் அவ்வூரை நோக்கி நடந்தன.

ஒரு மந்தையில் இரண்டாயிரம் மூவாயிரம் மாடுகள் இருக்கும். அவற்றைச் செலுத்துவோர் பத்துப் பன்னிருவர். நாளொன்றுக்குப் பத்துப் பதினைந்து மைல் நடை. புழுதி, ஆற்று வெள்ளம், இரவுக் காவல், இடிக்கு மிரண்டு ஓடும் மந்தை ஆகியவையே அவர்களுடைய அன்றாட வாழ்க்கை. மாதக் கூலி இருபத்தைந்து முதல் நாற்பது டாலர். துப்பாக்கி சுடுவதைவிடக் கயிறு வீசுவதே அவர்கள் தொழிலுக்கு வேண்டிய திறமையாக இருந்தது. அத்தொழிலை முதலில் வளர்த்தவர்கள் மெக்சிகோ நாட்டு ‘வக்கேரோ’ என்னும் மாட்டிடையர். லாசோ, ரோடியோ, ராஞ்ச் என்று கௌபாய்கள் வழங்கிய சொற்களெல்லாம் ஸ்பானிய மொழி தந்தவை. கௌபாய்களுள் நால்வரில் ஒருவர் கறுப்பினத்தவர் என்பது வரலாற்று அறிஞர் பலர் கூறும் மதிப்பீடு. அடிமைத்தளை நீங்கியோர் பலர் அத்தொழிலை நாடிச் சென்றனர். மெக்சிகோ இடையரையும் கறுப்பினத்துக் கௌபாயையும் உரிய மதிப்புடன் திரையில் காண மக்கள் நெடுங்காலம் காத்திருக்க வேண்டியிருந்தது.

ஆநிரை கவர்தலையும் மீட்டலையும் புறத்திணையில் வைத்துக் கற்பிக்கும் தமிழாசிரியர்க்கு, மாட்டு மந்தையைச் சூழ்ந்து வீரக்கதை வளர்வது புதுமையாகத் தோன்றாது. புதுமை யாதெனின், அந்த வாழ்க்கை எவ்வளவு விரைவில் முடிந்துபோயிற்று என்பதே. 1862ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று, ஐந்தாண்டு தங்கி உழுவோர்க்கு 160 ஏக்கர் நிலத்தை உரிமையாக்கியது. உழவர்கள் குடும்பத்தோடு வந்து குடியேறினர். 1874ஆம் ஆண்டில் ஜோசப் கிளிடன் என்பவர் முட்கம்பிக்குக் காப்புரிமை பெற்றார். திறந்து கிடந்த புல்வெளி வேலிகளால் துண்டாடப்பட்டது. 1886ஆம் ஆண்டு இறுதியில் தொடங்கிய கடுங்குளிரில் எண்ணற்ற மாடுகள் பனியில் விறைத்து மாண்டன. இரயில் பாதைகளும் டெக்சாஸ் வரை நீண்டுவிட்டன. ஏறக்குறைய இருபது ஆண்டுகளில் மாடோட்டிகளின் பெருவாழ்வு முடிவுற்றது. 1890ஆம் ஆண்டுக் குடிமதிப்பு, குடியேறிய நிலத்துக்கும் குடியேறா நிலத்துக்கும் இடையே கோடு கிழிக்க இனி இயலாது என்று அறிவித்தது. மூன்றாண்டு கழித்து வரலாற்றாசிரியர் பிரெடரிக் ஜாக்சன் டர்னர், அந்த எல்லைப்புற வாழ்க்கையே அமெரிக்கர்களின் இயல்பையும் குடியாட்சியையும் உருவாக்கியது என்னும் தம் கொள்கையைச் சிகாகோ நகரில் வெளியிட்டார். மேற்கு என்பது முடிந்துபோன காலம் என்ற எண்ணம் அப்போதே வேரூன்றிவிட்டது. முடிந்துபோன காலந்தான் கதைக்கு ஏற்ற காலம்.

மேடை ஏறிய வரலாறு

மற்ற நாடுகளில் வரலாறு முடிந்து பல தலைமுறைக்குப் பின்பே அது நாடகமாகும். அமெரிக்க மேற்கிலோ வரலாறு நடந்துகொண்டிருக்கும்போதே அதனை மேடையில் நடித்துக் காட்டினர். மலிவு விலைக் கதைப் புத்தகங்கள் 1860ஆம் ஆண்டு முதலே கிழக்கு நகரங்களில் விற்கப்பட்டு, துப்பாக்கி வீரர்களைப் புகழ்பாடி வந்தன. எருமை வேட்டைக்காரராகவும் படைக்கு வழிகாட்டியாகவும் இருந்த வில்லியம் கோடி, ‘பபலோ பில்’ என்னும் பெயரால் 1883ஆம் ஆண்டில் ஒரு மாபெரும் காட்சிக் குழுவைத் தொடங்கினார். குதிரையேற்றமும் குறிபார்த்துச் சுடுதலும் அஞ்சல் வண்டியைத் தாக்கும் போலிச் சண்டையும் அதில் இடம்பெற்றன. 1887ஆம் ஆண்டில் அக்குழு இலண்டன் சென்றது. விக்டோரியா அரசியாரே அக்காட்சியைக் கண்டார்.

அக்குழுவில் 1885ஆம் ஆண்டு ஒரு பருவத்துக்குச் சம்பளம் பெற்று ஊர்வலம் வந்தவர்களுள் ஒருவர் சிட்டிங் புல். செவ்விந்தியர் என்று வெள்ளையர் பெயரிட்டழைத்த தொல்குடி மக்களுள் லக்கோட்டா இனத்தின் பெருந்தலைவர் அவர். 1876ஆம் ஆண்டில் தளபதி கஸ்டரின் படைப்பிரிவை அழித்த மக்கள், அவரையே தலைவராகக் கொண்டிருந்தனர். வென்ற இனத்தின் தலைவர் ஒன்பதே ஆண்டில் காட்சிப் பொருளானார். 1890ஆம் ஆண்டு டிசம்பரில் அவரைச் சிறை செய்ய வந்த காவலர்கள் அவரைச் சுட்டுக் கொன்றனர். அதே மாதத்தில் ஊண்டட் நீ என்னும் இடத்தில் லக்கோட்டா ஆண்களும் பெண்களும் குழந்தைகளும் படைவீரர்களால் கொன்று குவிக்கப்பட்டனர். நான்கே ஆண்டு சென்றபின், 1894ஆம் ஆண்டில், எடிசனின் படப்பிடிப்புக் கூடத்தில் பபலோ பில் குழுவைச் சேர்ந்த தொல்குடியினர் ஆடிய நடனம் சில நொடிப் படமாகப் பதிவாயிற்று. கௌபாய்ப் படம் பிறப்பதற்கு முன்பே, தோற்றவர் தம் தோல்வியைத் தாமே நடித்துக் காட்டும் அவலம் தொடங்கிவிட்டது. இதனை நினைவில் வைத்துக்கொண்டுதான் மேலே செல்ல வேண்டும்.

துப்பாக்கியும் ஊர்ச் சட்டமும்

நாள்தோறும் தெருவில் நின்று சுட்டுக்கொண்டார்கள் என்று படங்கள் காட்டுகின்றனவே, அது மெய்யா? கான்சாஸ் மாநிலத்து மாட்டுச் சந்தை ஊர்கள் ஐந்தினை வரலாற்றாசிரியர் இராபர்ட் டைக்ஸ்ட்ரா ஆராய்ந்தார். 1870 முதல் 1885 வரை அவ்வூர்கள் அனைத்திலும் சேர்த்து நடந்த கொலைகள் 45 என்பது அவர் கண்ட கணக்கு. ஓர் ஊருக்கு, ஒரு சந்தைப் பருவத்துக்கு இரண்டு கொலைகூட ஆகவில்லை. சில படங்களில் இதற்கு மேற்பட்டோர் அரைமணி நேரத்தில் வீழ்ந்துவிடுகின்றனர்.

மேலும், அவ்வூர்கள் பலவற்றில் துப்பாக்கி தாங்கி நடமாடுவதே குற்றமாக இருந்தது. ஊருக்குள் வருவோர் தம் படைக்கலத்தை ஒப்படைத்துவிட்டுப் போகும்போது பெற்றுக்கொள்ள வேண்டும். இவ்வகைச் சண்டைகளுள் புகழ் மிக்கது, அரிசோனாப் பகுதியின் டூம்ஸ்டோன் ஊரில் ஓ.கே. குதிரைப் பட்டிக்கு அருகே 1881 அக்டோபர் 26ஆம் நாள் நடந்தது. ஏறத்தாழ முப்பது நொடியில் முடிந்த அச்சண்டையில் மூவர் மாண்டனர். அதற்கு உடனடிக் காரணம், ஊருக்குள் துப்பாக்கி ஏந்தக் கூடாது என்ற ஊர்ச் சட்டத்தை நிறைவேற்ற ஊர்க்காவல் தலைவர் வர்ஜில் ஏர்ப்பும் அவர் தம்பியரும் முற்பட்டதேயாகும். துப்பாக்கியின் பெருமையைப் பாடுவதாக நாம் எண்ணும் நிகழ்ச்சி, உண்மையில் துப்பாக்கியைக் கீழே வைக்கச் சொன்ன சட்டத்தால் எழுந்தது.

அத்தம்பியருள் ஒருவரான வயட் ஏர்ப், 1929ஆம் ஆண்டு வரை உயிரோடிருந்து லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் காலமானார். அவருடைய உடலைத் தாங்கிச் சென்றோருள் வில்லியம் ஹார்ட், டாம் மிக்ஸ் என்னும் கௌபாய் நடிகர் இருவரும் இருந்தனர். வரலாற்றின் மனிதனைக் கதையின் மனிதர் சுமந்து சென்றனர். 1946ஆம் ஆண்டில் ஜான் போர்டு அச்சண்டையை ‘மை டார்லிங் கிளமண்டைன்’ என்னும் படமாக்கினார். அழகிய படம் அது. ஆனால், அதில் சண்டையின்போது இறந்துபோகும் டாக் ஹாலிடே, உண்மையில் 1887ஆம் ஆண்டில் காசநோயால் படுக்கையில் இறந்தவர்.

திரையில் வளர்ந்த வரலாறு

எட்வின் போர்ட்டர் என்பவர் 1903ஆம் ஆண்டில் எடுத்த ‘தி கிரேட் டிரெயின் ராபரி’ (பெரும் இரயில் கொள்ளை) என்னும் படமே இவ்வகையின் புகழுக்கு வித்திட்டது. ஏறத்தாழப் பன்னிரண்டு நிமிடம் ஓடும் அப்படம் மேற்கில் எடுக்கப்பட்டதன்று; கிழக்கே நியூ ஜெர்சியில் எடுக்கப்பட்டது. கொள்ளையன் ஒருவன் காண்போரை நேராக நோக்கிச் சுடுவதாக வரும் காட்சி அந்நாளில் அரங்கினரை அதிரச் செய்தது. அப்படத்தில் சிறு வேடங்களில் நடித்த கில்பர்ட் ஆண்டர்சன், பின்னர் ‘பிராங்கோ பில்லி’ என்னும் பாத்திரமாகிக் கௌபாய்ப் படங்களின் முதல் நட்சத்திரமாக விளங்கினார். அவரைத் தொடர்ந்து ஹார்ட் கடுமையான முகத்தோடும், டாம் மிக்ஸ் பகட்டான உடையோடும் வந்தனர்.

ஜேம்ஸ் குரூஸ் எடுத்த ‘தி கவர்டு வேகன்’ (1923) குடியேறிகளின் கூண்டு வண்டிப் பயணத்தையும், ஜான் போர்டு எடுத்த ‘தி அயர்ன் ஹார்ஸ்’ (1924) கண்டத்தை இணைத்த இரயில் பாதையையும் காவிய அளவில் காட்டின. ‘சிமரான்’ (1931) ஆஸ்கார் பரிசு பெற்றது. அதன்பின் சில ஆண்டுகள் பெரிய நிறுவனங்கள் இவ்வகையைப் பெரும்பாலும் கைவிட்டன. ஜீன் ஆட்ரி போன்ற பாடும் கௌபாய்கள் மலிவுப் படங்களில் சிறுவர்களை மகிழ்வித்து வந்தனர்.

1939ஆம் ஆண்டில் ஜான் போர்டு ‘ஸ்டேஜ்கோச்’ என்னும் படத்தால் இவ்வகையை மீண்டும் உயர்த்தினார். ஜான் வெய்ன் பெரும்புகழ் எய்தியது இப்படத்தால்தான். ஒரு பயண வண்டியிலே பலதரப்பட்டவர்கள் செல்கின்றனர். ஊரார் துரத்திய விலைமகள், குடிகார மருத்துவர், சிறையிலிருந்து தப்பிய இளைஞன் ஆகியோர் இடர் வந்தபோது மனிதத் தன்மையோடு நடந்துகொள்கின்றனர். நாட்டு ஒழுக்கத்தைப் பற்றி ஓயாது பேசும் வங்கி முதலாளியோ, பிறர் பணத்தைத் திருடிக்கொண்டு ஓடுபவன். மதிப்புக்குரியவர் யார் என்ற வினாவைக் குதிரை ஓட்டத்துக்கு நடுவே வைத்துக் காட்டியது அப்படம்.

போன பின் நிலைக்கும் சட்டம்

இனி, முன்னர்க் கூறிய கேள்விக்கு வருவோம். அதனைத் தெளிவாக எழுப்பிய படங்கள் மூன்றினை எடுத்துக்கொள்வோம்.

முதலாவது, ஜார்ஜ் ஸ்டீவன்ஸ் எடுத்த ‘ஷேன்’ (1953). புல்வெளி முழுவதும் தனக்கே வேண்டும் என்னும் மாட்டுப் பண்ணையாளன், வேலியிட்டு உழும் எளிய உழவர்களை விரட்ட முனைகின்றான். துப்பாக்கித் தொழிலை விட்டொழிக்க விரும்பும் ஷேன் ஓர் உழவர் வீட்டில் தங்கி மரம் வெட்டுகின்றான், வேலி நடுகின்றான். ஆனால் கொடுமை முற்றும்போது மீண்டும் துப்பாக்கி எடுக்க நேர்கின்றது. வென்ற பிறகு அவன் அங்கே தங்குவதில்லை. அந்த வீட்டுச் சிறுவன் கூவி அழைத்தும், காயத்தோடு மலையை நோக்கிப் போகின்றான். கொலைத் தொழில் நல்ல நோக்கத்தோடு செய்யப்பட்டாலும், அதைச் செய்தவனோடு அமைதியான ஊர் சேர்ந்து வாழ முடியாது என்பதை அவனே உணர்ந்திருக்கின்றான்.

இரண்டாவது, பிரெட் சின்னமன் எடுத்த ‘ஹை நூன்’ (1952). தன்னைப் பழிவாங்க ஒருவன் நண்பகல் இரயிலில் வருகின்றான் என்று ஊர்க்காவல் தலைவருக்குச் செய்தி வருகின்றது. அன்றுதான் அவருக்குத் திருமணம். ஊராரை ஒவ்வொருவராகச் சென்று துணைக்கு அழைக்கின்றார். நீதிபதி மூட்டை கட்டுகின்றார். நண்பர் வீட்டில் இல்லை என்று சொல்லச் செய்கின்றார். கோயிலில் கூடியிருந்தோர் வாதம் செய்து கலைகின்றனர். படத்தின் காலமும் கதையின் காலமும் ஏறத்தாழ ஒன்றாக ஓட, கடிகார முள் நகர்கின்றது. இறுதியில் மனைவி ஒருத்தியின் துணையோடு வென்ற அவர், தம் சட்டைமேல் இருந்த காவல் சின்னத்தைப் புழுதியில் எறிந்துவிட்டுப் போகின்றார். இதன் திரைக்கதை ஆசிரியர் கார்ல் போர்மன், படம் உருவாகி வந்த 1951ஆம் ஆண்டிலேயே, பொதுவுடைமையரைத் தேடிய அமெரிக்கச் சட்டமன்றக் குழுவின்முன் நிறுத்தப்பட்டார். பிறர் பெயரைக் காட்டிக்கொடுக்க மறுத்தமையால் தொழிலிழந்து இங்கிலாந்து சென்றார். கைவிட்டுப் போன நண்பர்களை அவர் கதைக்காகத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கவில்லை.

மூன்றாவது, ஜான் போர்டு எடுத்த ‘தி மேன் ஹூ ஷாட் லிபர்டி வேலன்ஸ்’ (1962). இப்படம் ஆசிரியர்களுக்கு நெருக்கமானது. சட்டப் புத்தகத்தோடு மேற்கே வந்த இளம் வழக்கறிஞர், உணவு விடுதியில் தட்டுக் கழுவிக்கொண்டே ஊராருக்கு எழுத்தறிவிக்கும் பள்ளி ஒன்றை நடத்துகின்றார். வெள்ளையரும் மெக்சிகோச் சிறுவரும் கறுப்பினத் தொழிலாளி ஒருவரும் ஒரே அறையில் அமர்ந்து படிக்கின்றனர். சட்டத்துக்கும் ஒழுங்குக்கும் கல்வியே அடிப்படை என்ற கருத்து அவ்வறையின் கரும்பலகையில் காணப்படுகின்றது. அந்தக் கறுப்பினத்தவர் விடுதலைச் சாசனத்தை ஒப்புவிக்கும்போது, மாந்தர் அனைவரும் சமம் என்னும் பகுதி மட்டும் அவருக்கு நினைவுக்கு வரவில்லை. பலரும் மறந்துவிடும் பகுதிதான் அது என்கின்றார் ஆசிரியராகிய வழக்கறிஞர்.

ஊரை நடுங்கவைத்த கொடியவனை அந்த வழக்கறிஞர் சுட்டு வீழ்த்தியதாக நாடே நம்புகின்றது. அந்தப் புகழால் அவர் ஆளுநராகவும் செனட்டராகவும் உயர்கின்றார். உண்மையில் இருட்டில் நின்று சுட்டவன் வேறொருவன். அவன் தன் காதலியையும் பெயரையும் இழந்து, யாரும் அறியாமல் ஏழையாக மாள்கின்றான். முதுமையில் செனட்டர் உண்மையைச் சொல்ல முன்வரும்போது, பத்திரிகை ஆசிரியர் அதனை வெளியிட மறுத்துக் குறிப்பைக் கிழித்தெறிகின்றார். சட்டத்தின் அடித்தளத்திலே சட்டத்துக்குப் புறம்பான ஒரு செயல் புதைந்திருக்கின்றது. அதன்மேல் ஒரு பொய் எழுப்பப்பட்டிருக்கின்றது. கௌபாய்ப் படங்களின் மிகப் பெரிய இயக்குநரே தம் முதுமையில் இவ்வாறு ஒப்புக்கொண்டார்.

மூன்று படங்களிலும் வீரன் ஊருக்குள் தங்கவில்லை. ஒருவன் போகின்றான், ஒருவர் வெறுத்து விலகுகின்றார், ஒருவன் மறைந்து மாள்கின்றான். நாம் அவனை வியக்கின்றோம். ஆயினும் அவன் நம் பக்கத்து வீட்டில் குடியிருப்பதை விரும்பமாட்டோம். இந்த இரண்டு உணர்ச்சியையும் ஒருங்கே எழுப்புவதுதான் இவ்வகையின் ஆற்றல்.

மறைக்கப்பட்டவர்கள்

இத்தகைய உயர்ந்த கேள்வியை எழுப்பிய படங்கள் ஒரு பெரிய அநீதியையும் செய்தன. அதனை மூடி மறைத்தல் கூடாது. வெள்ளையர் ஊருக்குச் சட்டம் வருவதையே அவை பாடின. அந்நிலத்தில் முன்பே தமக்கெனச் சட்டமும் வழக்கமும் உடையவராய் வாழ்ந்த தொல்குடியினரைக் குன்றின்மேல் தோன்றிக் கூச்சலிடும் கூட்டமாகவே காட்டின. ‘ஸ்டேஜ்கோச்’ எடுக்கப்பட்ட மானுமெண்ட் பள்ளத்தாக்கு நவகோ இனத்தாரின் நிலம். அப்படத்தில் அப்பாச்சி இனத்தாராகக் குதிரையேறி வந்து சுடப்பட்டு வீழ்வோர் நவகோ மக்கள். ஓர் இனத்தின் மண்ணிலேயே அவ்வினத்தாரைக் கூலிக்கு அமர்த்தி, வேறோர் இனமாக நடிக்கச் செய்தனர்.

இக்குற்றத்தை உணர்ந்து இவ்வகை தன்னைத்தானே விசாரித்தது. போர்டு எடுத்த ‘தி சர்ச்சர்ஸ்’ (1956) படத்தில் ஜான் வெய்ன் ஏற்றது வெறுப்பு நிறைந்த ஒருவனின் வேடம். கமாஞ்சி இனத்தார் கொண்டு சென்ற தன் தம்பி மகளை அவன் ஆண்டுக்கணக்கில் தேடுகின்றான். மீட்பதற்கு அன்று, அவர்களுள் ஒருத்தியாகிவிட்டாள் என்பதற்காகக் கொல்வதற்கு. கடைசி நேரத்தில் மனம் மாறி அவளைத் தூக்கிக்கொண்டு வீடு சேர்க்கின்றான். எல்லோரும் உள்ளே போக, அவன் மட்டும் வாசலுக்கு வெளியே நிற்கக் கதவு சாத்தப்படுகின்றது. இத்தகைய உண்மை நிகழ்ச்சியும் உண்டு. சிந்தியா ஆன் பார்க்கர் என்னும் சிறுமி 1836ஆம் ஆண்டில் கமாஞ்சியரால் கொண்டு செல்லப்பட்டாள். 24 ஆண்டுகளுக்குப் பின் வெள்ளையர் அவளை ‘மீட்டனர்’. அவளோ தன் கமாஞ்சிப் பிள்ளைகளை நினைந்து ஏங்கி, இறக்கும் வரை திரும்பிப் போகவே விரும்பினாள்.

‘டான்சஸ் வித் உல்வ்ஸ்’ (1990) லக்கோட்டா மக்களை அவர்கள் மொழியிலேயே பேசவைத்தது. கிளின்ட் ஈஸ்ட்வுட் எடுத்த ‘அன்பர்கிவன்’ (1992) ஊருக்குள் துப்பாக்கி கூடாது என்று சட்டமிட்ட ஷெரிப் ஒருவரைக் காட்டியது. சட்டத்தை நிலைநாட்டும் அவரே கொடுமையின் உருவமாக இருக்கின்றார். சட்டம் வந்துவிட்டால் எல்லாம் நலமாகிவிடும் என்ற பழைய நம்பிக்கையையும் அப்படம் கேள்விக்குள்ளாக்கியது. இவ்விரண்டும் ஆஸ்கார் பரிசு பெற்றவை. மார்ட்டின் ஸ்கார்செசி எடுத்த ‘கில்லர்ஸ் ஆப் தி பிளவர் மூன்’ (2023), எண்ணெய் வளத்துக்காக ஒசேஜ் இனத்தார் 1920ஆம் ஆண்டுகளில் கொல்லப்பட்ட உண்மை வரலாற்றை எடுத்துரைத்தது.

கடல் கடந்த கதை

இவ்வகை அமெரிக்க மண்ணோடு நிற்கவில்லை. கார்ல் மே என்னும் ஜெர்மானிய எழுத்தாளர், அமெரிக்காவைக் காணாமலே வின்னட்டூ என்னும் அப்பாச்சித் தலைவனைப் படைத்து, தம் நாட்டு இளைஞர் தலைமுறைகள் பலவற்றைக் கவர்ந்தார். ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவா, ஜான் போர்டின் படங்களைப் பெரிதும் போற்றியவர். அவருடைய ‘ஏழு சாமுராய்’ (1954) அமெரிக்காவில் ‘தி மேக்னிபிசன்ட் செவன்’ (1960) ஆயிற்று. அவருடைய ‘யோஜிம்போ’வைத் (1961) தழுவி இத்தாலியரான செர்ஜியோ லியோனி ‘எ பிஸ்ட்புல் ஆப் டாலர்ஸ்’ (1964) என்னும் படத்தை எடுத்தார். ஸ்பெயின் நாட்டு வறண்ட நிலம் அமெரிக்க மேற்காக மாறிற்று. என்னியோ மோரிகோனியின் சீழ்க்கை இசை உலகெங்கும் ஒலித்தது. இந்தியாவில் ரமேஷ் சிப்பி எடுத்த ‘ஷோலே’ (1975), கன்னட நாட்டு ராமநகரப் பாறைகளுக்கு நடுவே இதே கதைக்கு இந்திய உரு வழங்கியது. தமிழிலும் கர்ணன் இயக்கத்தில் ஜெய்சங்கர் நடித்த ‘கங்கா’, ‘ஜக்கம்மா’ ஆகியவை 1972ஆம் ஆண்டில் வந்தன. 2010ஆம் ஆண்டில் சிம்புதேவன் ‘இரும்புக்கோட்டை முரட்டுச் சிங்கம்’ என்னும் படத்தால் இவ்வகையை அன்போடு கேலி செய்தார்.

இவை அனைத்தினும் வியப்புக்குரியது போலந்து நாட்டில் நடந்தது. பொதுவுடைமை ஆட்சியில் ஓரளவேனும் உரிமையோடு நடந்த தேர்தல் 1989 ஜூன் 4ஆம் நாள் வந்தது. அதற்காக ஒற்றுமை இயக்கத்தார் ஒட்டிய சுவரொட்டியில் ‘ஹை நூன்’ படத்து நாயகர் கேரி கூப்பர் தெருவில் நடந்து வருகின்றார். மார்பிலே காவல் சின்னத்துக்கு மேல் இயக்கத்தின் சின்னம். கையிலே துப்பாக்கி இல்லை, வாக்குச் சீட்டு இருக்கின்றது. அமெரிக்காவில் காட்டிக்கொடுக்க மறுத்து நாடிழந்த ஓர் எழுத்தாளரின் கதை, வேறோர் அரசின் அச்சுறுத்தலுக்கு உட்பட்ட மக்களுக்குத் துணிவின் சின்னமாயிற்று. எந்தக் கட்சியின் கொள்கைக்கும் அது சொந்தமன்று. தனித்து நிற்க நேர்ந்த எவர்க்கும் அது சொந்தம்.

நாம் கொள்ள வேண்டியது

கௌபாய்ப் படங்கள் வரலாறு கற்பிக்குமா என்று கேட்டால், கற்பிக்கா என்றே சொல்ல வேண்டும். இருபது ஆண்டுக் கூலி வாழ்க்கையை அவை காவியமாக்கின. கறுப்பினக் கௌபாயை மறைத்தன. தொல்குடியினரை இழிவு செய்தன. துப்பாக்கியை விலக்கிய ஊர்களைத் துப்பாக்கி ஊர்களாக்கின. ஆயினும் ஒரு மக்கள் தம் பிறப்பைப் பற்றித் தாமே சொல்லிக்கொண்ட கதை, பின்னர் அக்கதையையே நீதிமன்றத்தில் நிறுத்தி விசாரித்த நேர்மை, இவ்விரண்டும் ஒரே கலைவகையில் காணக் கிடைப்பது அரிது. அதனால்தான் அது பழசாகிச் சாகாமல் மீண்டும் மீண்டும் பிறக்கின்றது.

மாணவர்கள் இப்படங்களைக் காண்கின்றார்களே என்று ஆசிரியர்கள் அஞ்ச வேண்டியதில்லை. படம் பார்த்து வந்த மாணவனை அழைத்து மூன்று கேள்வி கேட்டால் போதும். அந்த ஊரில் முன்பு யார் வாழ்ந்தார்கள்? அந்த வீரன் வராமற்போயிருந்தால் ஊரார் என்ன செய்திருக்க வேண்டும்? கடைசியில் அவன் ஏன் அங்கே தங்கவில்லை? இவற்றுக்கு விடை தேடத் தொடங்கும் மாணவன், குதிரையைப் பின்தொடர்ந்து போய்ச் சட்டத்தின் வாசலிலே வந்து நிற்பான். வலிமை உடைய ஒருவன் வந்து காப்பான் என்று காத்திருக்கும் ஊர் இன்னும் ஊராகவில்லை என்பதையும் அவன் அறிந்துகொள்வான்.